காலயந்திரமும் நூலகத்துப் பூட்டும்

(எங்கள் ஊர் வாசகர் வட்ட ஆண்டு விழாவில் பேசியது)

விழாத் தலைவர், ஊராட்சி மன்றத் தலைவர் அம்மா அவர்களே, எட்டாம் வகுப்பில் எனக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்து, இன்றைக்கும் நான் எங்கே தப்புவிடுவேன் என்று பார்க்க முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் தலைமையாசிரியர் ஐயா அவர்களே, நாற்காலிக்கு வாடகை வாங்க மறுத்த பந்தல்கார அண்ணாச்சி அவர்களே, மைக் செட் தம்பி (அந்த எதிரொலியைக் கொஞ்சம் குறைப்பா), தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளே, எல்லோருக்கும் வணக்கம். பொன்னாடை போர்த்தினீர்கள். போன வருஷமே சொன்னேன், துண்டுக்குப் பதிலாகப் புத்தகம் கொடுங்கள் என்று. வீட்டில் பீரோ மூடமாட்டேன் என்கிறது.

இன்றைக்கு மூன்று விஷயம் பேசப்போகிறேன். பரிமாணம் என்றால் என்ன? அதற்குள் போக ஒரு கதாசிரியர் செய்த கருவி எப்படிப்பட்டது? இன்றைய விஞ்ஞானிகள் கூடுதல் பரிமாணங்களை எப்படித் தேடுகிறார்கள்?

இந்தத் தீப்பெட்டியைப் பாருங்கள். நீளம் இருக்கிறது, அகலம் இருக்கிறது, உயரம் இருக்கிறது. ஆனால் ஒரு நொடிகூட நீடிக்காத தீப்பெட்டி என்று ஒன்று உண்டா? இருக்கவேண்டுமென்றால் கொஞ்ச நேரமாவது இருந்தாக வேண்டும். அந்த ‘நேரம்’தான் நாலாவது பரிமாணம். 1895-இல் ஆங்கில எழுத்தாளர் எச். ஜி. வெல்ஸ் தன் ‘காலயந்திரம்’ கதையில் இதைத்தான் சொன்னார். ஐன்ஸ்டீனுக்கே ஆசிரியராக இருந்த கணித அறிஞர் மின்கோவ்ஸ்கி, இடவெளியும் காலமும் ஒன்றோடொன்று பின்னியவை என்று மேடையேறிச் சொன்னது 1908-இல். கதைக்காரர் 13 வருஷம் முந்திக்கொண்டார்.

காலத்துக்குள் பயணம் போகிற அந்தக் கருவிக்கு வருகிறேன். முதலில் ஒரு மாதிரி செய்து காட்டுகிறார் கதாநாயகர். மேசைக் கடிகாரம் அளவுதான். உலோகச் சட்டம், கொஞ்சம் தந்தம், கண்ணாடி மாதிரி ஏதோ ஒரு படிகம், இரண்டு வெள்ளை நெம்புகோல். விருந்தாளி ஒருவரின் விரலைப் பிடித்து நெம்புகோலை அழுத்த வைக்கிறார். குப்பென்று ஒரு காற்று. விளக்குச் சுடர் துள்ளுகிறது, ஒரு மெழுகுவத்தி அணைகிறது, மேசை மேல் இருந்ததைக் காணோம்! அது எதனால் ஓடுகிறது என்று வெல்ஸ் கடைசிவரை சொல்லவில்லை. கெட்டிக்காரர்.

இந்த மனுஷனுக்கு இந்த மூளை எங்கிருந்து வந்தது? கேளுங்கள். அவருடைய அப்பா ஜோசப் வெல்ஸ், இங்கிலாந்தின் கென்ட் கிரிக்கெட் அணியின் பந்துவீச்சாளர். 1862-இல் சசெக்ஸ் அணிக்கு எதிராக நாலு பந்தில் நாலு விக்கெட்! (இளைஞர்கள் கைதட்டுகிறீர்கள், பரிமாணத்துக்கு ஒருத்தரும் தட்டவில்லை.) அப்பேர்ப்பட்டவருடைய பிள்ளையை, 1874-இல், ஒருத்தன் விளையாட்டாக மேலே தூக்கிப் போட்டான். போட்டவன் பிடிக்கணுமா இல்லையா? கேட்சை விட்டுவிட்டான்! பையன் கூடார முளையில் விழுந்து கால் முறிந்தது. வாரக்கணக்கில் படுக்கை. அப்பா என்ன செய்தார்? உள்ளூர் நூலகத்திலிருந்து புத்தகமாக எடுத்து வந்து கட்டில் பக்கத்தில் வைத்தார். பையன் கையில் கிடைத்ததையெல்லாம் படித்தான். கண்டது கற்கப் பண்டிதன் ஆவான்! பின்னாடி அவனை ஜவுளிக்கடையில் துணி மடிக்க விட்டார்கள். அங்கிருந்தும் தப்பி, உதவித்தொகை வாங்கி, லண்டனில் பெரிய விஞ்ஞானி ஹக்ஸ்லியிடம் உயிரியல் படித்தான். அந்தக் காலயந்திரத்துக்கு முதல் திருகாணி கட்டிலில் கிடந்தபோதே மாட்டியாயிற்று என்பேன் நான்.

கதையில் அந்த யந்திரம் 8,02,701-ஆம் ஆண்டுக்குப் போகிறது. அங்கே பச்சைப் பீங்கான் மாளிகை என்று ஒரு பாழடைந்த அருங்காட்சியகம். உள்ளே நூலகம் இருந்த இடத்தில் புத்தகங்கள் கந்தலாகத் தொங்குகின்றன. படிக்க ஆளில்லை. கதாநாயகருக்கு உருப்படியாகக் கிடைத்தது என்ன தெரியுமா? ஒரு தீப்பெட்டியும் கற்பூரக் கட்டியும்! சூடம் ஏற்ற வேண்டியதுதான் பாக்கி.

அப்படியொரு நூலகத்தைப் பார்க்க நமக்கு எட்டு லட்சம் வருஷம் தேவையில்லை. பேருந்து நிறுத்தத்துக்குப் பின்னால் போங்கள். நம்மூர் நூலகத்தில் வாரத்தில் மூன்று நாள் பூட்டு. ஒரே நூலகரிடம் இரண்டு ஊர் நூலகச் சாவி. அவரைக் குறை சொல்லமாட்டேன். ஜன்னல் வழியே பார்த்தேன். அலமாரியின் கீழ்த்தட்டில் கரையான் புற்று, முழ உயரம். வீட்டுவரி ரசீதை எடுத்துப் பாருங்கள், நூலக வரி தனியாகப் போட்டிருக்கும். நாம் கட்டுகிறோம். சுதந்திர இந்தியாவில் முதலில் பொது நூலகச் சட்டம் போட்டது நம் மாகாணம், 1948-இல். அதற்குப் பாடுபட்ட சீர்காழிக்காரர் ரங்கநாதன், கணக்கு வாத்தியாராக இருந்து நூலகத்துக்கு வந்தவர், 1931-இல் ஐந்து விதிகள் எழுதினார். நாலாவது விதி: வாசகரின் நேரத்தை மிச்சப்படுத்து. வெல்ஸின் நாலாவது பரிமாணமும் நேரம், நம்மவர் நாலாவது விதியும் நேரம்! பூட்டிய கதவுக்கு முன்னால் நிற்கிற பிள்ளையின் நேரத்தை யார் மிச்சப்படுத்துவது? கண்டது கற்கப் பண்டிதன் ஆவான், சரி. காண்பதற்குக் கதவு திறக்க வேண்டாமா?

துண்டுச் சீட்டு வந்துவிட்டது. மூன்றாவது விஷயத்தை அடுத்த கூட்டத்தில் பேசுகிறேன். போன கூட்டத்திலும் இதையே சொன்னேன் என்று ஐயா சிரிக்கிறார். நூலகக் கதவைத் திறக்கச் சொல்லி மனு எழுதிய நோட்டு, வாசலில் டீ கேனுக்குப் பக்கத்தில் இருக்கிறது. பேனாவை நூல் கட்டித்தான் வைத்திருக்கிறோம், இழுக்காதீர்கள். டீ குடிப்பதற்கு முன்னால் கையெழுத்து. வணக்கம்.