71 காசு வட்டி

நேயர்களுக்கு வணக்கம்.

எங்கள் ஊர்ப் பக்கம் வட்டியை ஆண்டுக்கு இத்தனை சதவீதம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். நூறு ரூபாய்க்கு மாதம் எவ்வளவு என்பதுதான் பேச்சு. ஒரு ரூபாய் வட்டி என்றால், தெரிந்தவர் கொடுத்திருக்கிறார், பரவாயில்லை. இரண்டு ரூபாய் என்றால் கொஞ்சம் நெருக்கடி. ஐந்து ரூபாய் என்றால் அந்த வீட்டில் ஏதோ சரியில்லை. இந்தக் கணக்கில், ஆண்டுக்கு 8.5 சதவீதம் என்று வங்கி தரும் வீட்டுக்கடன் நூற்றுக்கு 71 காசு வட்டிதான். ஒரு ரூபாய்கூட இல்லை! 31 வருடம் வங்கியில் வேலை பார்த்தேன், அதில் பாதிக்கு மேல் கடன் பிரிவில். என் மேசைக்கு எதிரே உட்கார்ந்து, மனசுக்குள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்துவிட்டு, நிம்மதியாகக் கையெழுத்துப் போட்டவர்கள் ஏராளம்.

71 காசு என்பதில் பொய் இல்லை. அந்த 71 காசு எத்தனை மாதம் ஓடப்போகிறது என்பதை மட்டும் யாரும் கேட்பதில்லை.

ஒரு கணக்கு சொல்கிறேன். பக்கத்தில் பேனா இருந்தால் எடுத்துக்கொள்ளுங்கள். 50 லட்ச ரூபாய் வீடு. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடன் என்றால் வீட்டு மதிப்பில் 80 சதவீதம்வரை கொடுக்கலாம் என்பது ரிசர்வ் வங்கி விதி. ஆக 40 லட்சம் கிடைக்கும். வட்டி 8.5 சதவீதம், காலம் 20 வருடம். மாதத் தவணை 34,713 ரூபாய். 240 மாதம் கட்டி முடிக்கும்போது நீங்கள் வங்கிக்குக் கொடுத்திருப்பது 83 லட்சத்து 31 ஆயிரம். வாங்கியது 40, வட்டி 43.

இது ஓரளவு எல்லோருக்கும் தெரிந்ததுதான். இரண்டு மடங்கு கட்டுகிறோம் சார் என்று சொல்லிச் சிரித்துக்கொண்டே கட்டுவார்கள். அடுத்ததைக் கேட்டால்தான் சிரிப்பு நிற்கும். பத்து வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டிவிட்டீர்கள். பாதி தூரம் வந்தாயிற்று. பாக்கி எவ்வளவு இருக்கும்? கிளைக்கு வருகிறவர்களிடம் நான் கேட்பதுண்டு. பாதி, 20 லட்சம் என்பார்கள். கொஞ்சம் விவரமானவர் 23, 24 என்பார். 28 லட்சம் இருக்கும். பத்து வருடத்தில் நீங்கள் கட்டிய 41 லட்சத்து 65 ஆயிரத்தில் அசலுக்குப் போனது 12 லட்சம் மட்டும்.

உடனே, வங்கிக்காரன் முதலில் வட்டியைப் பிடித்துக்கொள்கிறான் என்று கோபம் வரும். அப்படி யாரும் பிடிப்பதில்லை. அந்தந்த மாதம் என்ன பாக்கி இருக்கிறதோ அதற்குத்தான் வட்டி. முதல் மாதம் பாக்கி முழு 40 லட்சம். அதற்கு 71 காசுக் கணக்கில் 28,333 ரூபாய் வட்டி. உங்கள் தவணையில் மிச்சம் 6,380. அதுதான் அசலில் குறைகிறது. அடுத்த மாதம் வட்டி 45 ரூபாய் குறையும், அசலுக்கு 45 ரூபாய் கூடும். இப்படி நத்தை மாதிரி நகர்ந்து, தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவது 143-வது மாதத்தில். அதாவது ஏறத்தாழ 12 வருடம் கழித்து.

வெட்கத்தை விட்டு ஒன்று சொல்கிறேன். எனக்கே இது உறைக்கவில்லை. ஏனென்றால் பொதுத்துறை வங்கி ஊழியர்களுக்கு வீட்டுக்கடன் சலுகை வட்டியில், அதுவும் தனி வட்டியில் கிடைக்கும். முதலில் அசல் முழுவதையும் கட்டி முடிப்போம், பிறகு வட்டி. நான் வீடு கட்டியபோது ஒவ்வொரு மாதமும் கடன் கரைவது கண்ணுக்குத் தெரிந்தது. மேசைக்கு அந்தப் பக்கம் இருப்பவரின் கடன் வேறு மாதிரிக் கரைகிறது என்பதை விதிப் புத்தகத்தில் படித்திருந்தேன். அவ்வளவுதான். என் தங்கை மகன் கடன் வாங்கியபோதுதான் அது வீட்டுக்குள் வந்தது.

அவன் கதைக்கு வருகிறேன். அதற்கு முன் கால அளவு பற்றி. கட்டுமான நிறுவனத்தின் விற்பனைப் பையன் சொல்வான்: "முப்பது வருஷமாப் போட்டுக்கங்க சார், இ.எம்.ஐ. குறைஞ்சிடும்." குறையும்தான். அதே 40 லட்சத்துக்கு 30 வருடம் என்றால் தவணை 30,757. மாதம் நாலாயிரத்துக்குக் கொஞ்சம் குறைவாக மிச்சம். ஆனால் மொத்தம் கட்டுவது 1 கோடியே 10 லட்சம். அந்த நாலாயிரத்தின் விலை 27 லட்சம்! இந்தப் பக்கம் 15 வருடம் என்றால் தவணை 39,390. 20 வருடத்தைவிட மாதம் 4,677 ரூபாய் அதிகம். மொத்தத்தில் 12 லட்சத்துக்கு மேல் மிச்சம். கால் சதவீத வட்டிக்காக நாலு வங்கி ஏறி இறங்குகிறவர்கள் இந்த ஐந்து வருடத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்பதில்லை. எனக்கு இது இன்றுவரை புரியாத விஷயம்.

சரி, தங்கை மகன். 2021 கடைசியில் 40 லட்சம் வாங்கினான், வட்டி 6.75 சதவீதம். கொரோனா காலத்தில் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை, அதாவது வங்கிகளுக்குத் தான் கொடுக்கும் குறுகிய காலக் கடனின் வட்டியை, 4 சதவீதத்துக்கு இறக்கி வைத்திருந்தது. வங்கிகளின் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் 2019 அக்டோபர் முதல் இப்படி ஒரு வெளி அளவுகோலோடு கட்டப்பட்டிருக்கின்றன, பெரும்பாலும் ரெப்போதான். அது ஏறினால் நம் வட்டியும் ஏறும், இறங்கினால் இறங்கும். அவன் தவணை 30,415. "மாமா, வாடகை மாதிரிதான்" என்றான்.

2022 மே மாதம் ரெப்போ ஏறத் தொடங்கியது. 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதம். அவன் வட்டி 9.25-ல் வந்து நின்றது. ஆனால் தவணை மட்டும் மாறவே இல்லை. மாதம் 5-ஆம் தேதி அதே 30,415 கழிந்ததாக எஸ்.எம்.எஸ். வந்துகொண்டிருந்தது. வட்டி ஏறியதெல்லாம் டி.வி.யில் யாருக்கோ நடக்கிற செய்தி என்றே இருந்தான். அந்தக் கோடையில் ஊருக்கு வந்தபோது, கடன் ஸ்டேட்மென்ட்டை எடுக்கச் சொன்னேன். பாக்கி 39 லட்சம் சொச்சம். அதற்கு ஒரு மாத வட்டி மட்டும் 30,100-ஐத் தாண்டுகிறது. அவன் கட்டும் தவணையில் அசலுக்குப் போவது சுமார் 300 ரூபாய். ஒரு நல்ல ஹோட்டலில் ஒருவர் சாப்பிடும் காசு. இந்த வேகத்தில் போனால் கடன் தீர ஏறத்தாழ 50 வருடம். அவனுக்கு அப்போது வயது 33.

வங்கி தவணையைக் கூட்டச் சொல்லிக் கடிதம் அனுப்பியிருந்ததாம். அது பழைய வாடகை வீட்டு விலாசத்துக்குப் போயிருக்கிறது. யாரைக் குறை சொல்ல? அவன் ஒருவன் கதையும் இல்லை இது. நாடு முழுக்க இப்படித்தான் நடந்தது. அதனால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணை எவ்வளவு ஆகும், காலம் எவ்வளவு நீளும் என்று கடன் வாங்கியவருக்குச் சொல்ல வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று அவரே தேர்ந்தெடுக்க வாய்ப்புத் தர வேண்டும். அப்புறம், மூன்று மாதத்துக்கு ஒரு ஸ்டேட்மென்ட், அதில் மீதித் தவணை எத்தனை என்ற விவரம். இந்த மீதித் தவணை என்ற எண்ணைத்தான் பார்க்க வேண்டும். வட்டி விகிதத்தை விடுங்கள், அதைப் பற்றித்தான் ஊரே பேசுகிறதே.

அவன் தவணையை 36,800 ஆக்கிக்கொண்டான். பழைய முடிவுத் தேதிக்கே திரும்ப அவ்வளவு தேவைப்பட்டது. மாதம் 6,400 ரூபாய் கூடுதல். வீட்டில் கொஞ்ச நாள் முகம் சுருங்கியிருந்தார்கள். பிறகு 2025-இன் முதல் பாதியில் ரெப்போ ஒரு சதவீதம் இறங்கியபோது, தவணையைக் குறைக்க வேண்டாம், அப்படியே இருக்கட்டும் என்று எழுதிக் கொடுக்கச் சொன்னேன். கிட்டத்தட்ட இரண்டு வருடத் தவணை மொத்தமாகக் கழன்றது.

இப்போது கடன் தாளில் வராத செலவுகள். தமிழ்நாட்டில் கிரையப் பத்திரத்துக்கு முத்திரைத்தாள் 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 2023 ஜூலைக்கு முன் பதிவுக் கட்டணம் 4 சதவீதமாக இருந்தது, அதைக் குறைத்துவிட்டு வழிகாட்டி மதிப்பை, அதாவது பதிவுக்காக அரசு நிர்ணயிக்கும் சொத்து மதிப்பை, ஏற்றினார்கள். 50 லட்சத்துக்கு இது நாலரை லட்சம். வங்கி இந்தப் பணத்துக்குக் கடன் தராது. ஆக, கையிலிருந்து போட வேண்டியது 10 லட்சம் இல்லை, 14.5 லட்சம். கட்டிக்கொண்டிருக்கும் வீடு என்றால் அதற்கு மேல் ஜி.எஸ்.டி. வேறு. பிராசஸிங் கட்டணம், வக்கீல், மதிப்பீட்டாளர் எல்லாம் சில்லறை, விடுங்கள்.

அந்த 14.5 லட்சம் எங்கிருந்து வருகிறது என்பதைத்தான் பார்க்க வேண்டும். வீட்டம்மா நகை அடகுக்குப் போகும். குறைகிற இரண்டு மூன்று லட்சத்துக்குத் தனிநபர் கடன், வீட்டுக்கடனைவிட எவ்வளவோ அதிக வட்டியில். நூற்றுக்கு 71 காசு என்று நாம் சந்தோஷப்பட்ட வீட்டுக்குள் ஒரு ரூபாய் வட்டியும் அதற்கு மேலானதும் இப்படித்தான் நுழைகின்றன. ஒருவர் தன் வீட்டின் விலையைச் சொல்லும்போது நான் மனசுக்குள் அந்த வீட்டு நகையையும் சேர்த்துக்கொள்வேன்.

இன்னொன்று, காப்பீடு. கடனோடு சேர்த்து ஒரே தவணைப் பிரீமியத்தில் பாலிசி எடுக்கச் சொல்வார்கள். ஒன்றரை லட்சம் என்று வையுங்கள். கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடலாம் என்பார்கள். அந்த ஒன்றரை லட்சத்துக்கும் 20 வருடம் வட்டி ஓடி, கடைசியில் 3 லட்சத்து 12 ஆயிரமாக முடியும். காப்பீடு வேண்டாம் என்று நான் சொல்லவே மாட்டேன். வீட்டுத் தலைவர் திடீரென்று போய், சின்னப் பிள்ளைகளோடு வந்து நின்றவர்களை அதே மேசையில் பார்த்திருக்கிறேன். ஆனால் சாதாரண டேர்ம் பாலிசியை, அதாவது உயிருக்கு மட்டுமான காப்பீட்டை, வெளியில் தனியாக எடுத்து வருடா வருடம் கட்டலாம். அந்த வங்கியில்தான் எடுக்க வேண்டும் என்று விதி கிடையாது. இதைச் சொல்ல எனக்குக் கூச்சமாகத்தான் இருக்கிறது. நானும் விற்றவன்தான், எங்களுக்கும் இலக்கு வைத்திருந்தார்கள்.

வரி மிச்சமாகும் என்பார்கள். பழைய வரி முறையில் இருப்பவருக்கு, தான் குடியிருக்கும் வீட்டுக்கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. புதிய முறையில் இல்லை. 2023-24 நிதியாண்டு முதல் நீங்களாக மாற்றிச் சொல்லாவிட்டால் புதிய முறைதான். விற்பனைப் பையனின் பேச்சு மட்டும் இன்னும் பழைய முறையிலேயே இருக்கிறது.

இவ்வளவும் சொன்னதால் கடன் வாங்காதீர்கள் என்று அர்த்தமில்லை. வாடகை வீட்டில் இருந்தாலும் பணம் போகும், அது வருடா வருடம் ஏறவும் செய்யும். வட்டி ஏறாதவரை தவணை அப்படி ஏறாது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று வைத்தால், கடைசி மாதம் கட்டும் 34,713 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு சுமார் 13 ஆயிரம்தான். ஆகவே 83 லட்சத்தை இன்றைய 40 லட்சத்தோடு நேரடியாக ஒப்பிட்டு மிரளுவது முழுக்கச் சரியல்ல. மாதங்களைக் கையில் பிடித்திருக்கிறோமா என்பதுதான் கேள்வி.

பிடிப்பதற்கு வழி இருக்கிறது. மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வாங்கக்கூடாது என்று வங்கிகளுக்கு 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. வருடத்துக்கு ஒரே ஒரு தவணை அதிகமாகக் கட்டுங்கள். தீபாவளி போனஸோ, நெல் விற்ற பணமோ, ஏதோ ஒன்று. நான் சொன்ன 40 லட்சக் கடனில் 40 மாதம் குறையும், 8 லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சம். கட்டும்போது, தவணை மாறாமல் காலத்தைக் குறைக்கவும் என்று எழுதிக் கொடுங்கள். முதல் ஐந்தாறு வருடத்தில் கட்டுவதற்குத்தான் பலன் அதிகம். பதினெட்டாம் வருடம் கட்டுவது மன நிம்மதிக்கு.

பழைய வாடிக்கையாளர் இன்னொன்றும் கேட்கலாம். ரெப்போவுக்கு மேல் வங்கி சேர்க்கும் விகிதம் புதிதாக வருகிறவருக்குப் பல சமயம் குறைவாக இருக்கும். புது மாப்பிள்ளைக்கு விருந்து, பழைய மாப்பிள்ளைக்குப் பழையது! ஒரு சிறு கட்டணம் கட்டி மாற்றிக்கொள்ள முடியுமா என்று கிளையில் கேளுங்கள். கேட்காதவருக்கு யாரும் கூப்பிட்டுச் சொல்ல மாட்டார்கள்.

நான் ஓய்வு பெறுவதற்குக் கொஞ்ச நாள் முன்னால் ஒரு பெரியவர் வந்தார். கடன் கட்டி முடித்து ஒன்பது வருடம். மகள் கல்யாணத்துக்கு வீட்டை விற்கப் போயிருக்கிறார். வாங்க வந்தவர் வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்தால், வங்கி அடமானம் அப்படியே நிற்கிறது. கடைசித் தவணை கட்டிய சந்தோஷத்தில் கடன் தீர்ந்தது என்று ரசீது ஆவணம் பதிய வேண்டும் என்பது அவருக்கும் தெரியவில்லை, கிளையிலும் சொல்லவில்லை. ஒரிஜினல் பத்திரம் வேறு ஊர்க் கிடங்கில். தேடி எடுக்க இரண்டு மாதம் ஆயிற்று. வாங்க வந்தவர் வேறு வீடு பார்த்துவிட்டார்.

2023 டிசம்பர் முதல், கடன் முடிந்த 30 நாளுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், அடமானப் பதிவையும் நீக்கிக் கொடுக்க வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. அந்தப் பெரியவர் காலத்தில் இந்த விதி இல்லை. கடன் முடிந்தவர்கள் யாராவது கேட்டுக்கொண்டிருந்தால், இந்த வாரமே ஒரு வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்துவிடுங்கள். வணக்கம்.