மொரீஷியஸ்: ஒரு கற்குவியலிலிருந்து தொடங்கும் படம்

[காட்சி: விடியல். கரும்புத் தோட்டம். நடுவே ஆள் உயரத்துக்கும் மேலே ஒரு கருங்கல் குவியல்.]

மொரீஷியஸ் என்றதும் கேமரா கடல் பக்கம்தான் திரும்பும். நாங்கள் இந்தக் குவியலிலிருந்து தொடங்குகிறோம். எரிமலை கக்கி உண்டான தீவு இது, மண்வெட்டி போட்ட இடமெல்லாம் கல். கரும்பு நட வேண்டுமானால் முதலில் கல் பொறுக்க வேண்டும். கிட்டே வந்து பாருங்கள், துளைத்துளையாக இருக்கும், ஓரத்தில் பாசி. ஒவ்வொன்றும் யாரோ குனிந்து எடுத்து, சுமந்து வந்து போட்டது.

[காட்சி: தலைநகர் போர்ட் லூயி. குடியேறிகள் வந்திறங்கிய துறை, 'ஆப்ரவாசி காட்'. அதன் கல் படிகள்.]

யார் அவர்கள்? 1834-க்கும் 1920-க்கும் இடையே ஏறக்குறைய 5 லட்சம் பேர் ஒப்பந்தக் கூலிகளாக வந்திறங்கினார்கள். சென்னைத் துறைமுகத்திலிருந்து கப்பல் ஏறியவர்களும் அதில் உண்டு. இந்தப் படிகள் உள்ள இடம் 2006-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. அந்தக் கூலிகள் வருவதற்கும் முன்பே, பிரெஞ்சு ஆட்சியில், புதுச்சேரியிலிருந்து வந்த நம் கைவினைஞர்கள் இந்த நகரைக் கட்ட உழைத்திருக்கிறார்கள்.

[காட்சி: மொரீஷியஸின் 100 ரூபாய் நோட்டு, மிக அருகில்.]

இதில் இருப்பவர் தமிழ் வம்சாவளி அரசியல் தலைவர் ரங்கநாதன் சீனிவாசன். எழுத்தைப் பாருங்கள்: ஆங்கிலம், அடுத்து தமிழ், அப்புறம் இந்தி. 1998-இல் அச்சான நோட்டுகளில் தமிழ் இந்திக்குக் கீழே போனது. தமிழர்கள் கொதித்தெழுந்தார்கள், அந்த நோட்டுகள் திரும்பப் பெறப்பட்டன. வீட்டில் பிரெஞ்சிலிருந்து பிறந்த கிரியோல் மொழி பேசும் மக்கள், ஒரு வரி தமிழுக்காகத் தெருவுக்கு வந்தார்கள். எனக்கு இன்றும் நெஞ்சு நிறைகிறது.

[காட்சி: காத்ர் போர்ன். கோர் தெ கார்த் மலைச்சரிவில் முருகன் கோவில். தைப்பூசம்.]

தைப்பூசம் இங்கே நாடு முழுக்க அரசு விடுமுறை. பத்து நாள் விரதம் இருந்தவர்கள் காவடியோடு உச்சி வெயிலில் படியேறுகிறார்கள். காவடியில் கட்டிய செம்பில் பால். சந்நிதியில் செம்பைத் திறக்கும் வரை அது திரியாது என்பது நம்பிக்கை. திறக்கும் அந்த ஒரு நொடி, மொத்தக் குடும்பமும் எட்டிப் பார்க்கும் முகங்களைத்தான் நாங்கள் அதிகம் படமெடுத்தோம்.

[காட்சி: வாழையிலை.]

பூசை முடிந்தால் பந்தி. 'செத் காரி', ஏழு கறி: பரங்கி, வாழைக்காய், பலாக்காய் என்று வரிசையாக இலையில் விழும். கடைசியில் ஒரு பாட்டி தூக்குவாளியோடு வருகிறார்.

"ராசோன்?"

நம் ரசம்தான். பேரன் இரண்டு கையையும் குவித்து நீட்டுகிறான்.