கரும்பு வெட்டுக்கு முன் ஒரு மூளை, வெட்டுக்குப் பின் வேறு மூளையா? கடன் நமக்குள் செய்யும் வேலை

(திரையில் பெரிதாக: 5 5 5)

யோசிக்காமல் சட்டென்று சொல்லுங்கள், திரையில் எத்தனை எண்கள் இருக்கின்றன? "ஐந்து" என்று வாய்வரை வந்ததா? மூன்றுதான். வெட்கப்பட வேண்டாம், எங்கள் எடிட்டரும் ஐந்து என்றுதான் சொன்னார்.

இதே கேள்வியை விழுப்புரம், திருவண்ணாமலைப் பக்கத்துக் கரும்பு விவசாயிகளிடம் கேட்டிருக்கிறார்கள். ஒரே ஆளிடம் இரண்டு முறை. கரும்பு வெட்டுவதற்கு முன்பு ஒரு தடவை, கரும்புப் பணம் கைக்கு வந்த பிறகு ஒரு தடவை. பணம் வந்த பிறகு அதே மனிதர் வேகமாகப் பதில் சொன்னார், தப்பும் குறைந்தது. இடையில் அவர் எந்தப் பரீட்சைக்கும் படிக்கவில்லை. கடன் அடைந்தது, அவ்வளவுதான்.

பணக் கவலை என்றால் என்ன என்று முன்னுரை எல்லாம் போடப் போவதில்லை. மாதம் 20 தேதிக்கு மேல் தெரியாத எண்ணிலிருந்து போன் வந்தால் வயிற்றைப் பிசையுமே, அதுதான். நேராக வயலுக்குப் போவோம்.

(திரையில்: கரும்பு வயல்)

2013-ல் சயின்ஸ் இதழில் வந்த ஆய்வு இது. நடத்தியவர்கள் ஆனந்தி மணி, செந்தில் முல்லைநாதன், எல்டார் ஷஃபீர், ஜியாயிங் ஜாவ். முல்லைநாதன் தமிழ்நாட்டுக் கிராமத்தில் பிறந்தவர், அதனால் ஆய்வுக்குக் கரும்பு வயல் தோன்றியதில் ஆச்சரியமில்லை. 54 கிராமங்கள், 464 விவசாயிகள்.

ஏன் கரும்பு? இந்த இடம்தான் எனக்கு ரொம்பப் பிடித்தது. நெல்லை முற்றியதும் அறுத்துவிடலாம். கரும்பை அப்படி வெட்ட முடியாது. ஆலை வெட்டு உத்தரவு கொடுக்க வேண்டும். எல்லோர் கரும்பையும் ஒரே வாரத்தில் அரைக்க ஆலையால் முடியாது என்பதால், ஒருவருக்கு உத்தரவு முதலில் வரும், இன்னொருவருக்குச் சில மாதம் கழித்து வரும். ஆக, அதே மாதத்தில், அதே வெயிலில், அதே பண்டிகைச் செலவுகளுக்கு நடுவில் ஒருவர் கையில் காசோடு இருப்பார், இன்னொருவர் அடகுக்கடை வாசலில் நிற்பார். "மழையால் இருக்கும், பொங்கலால் இருக்கும்" என்று யாரும் சாக்குச் சொல்ல முடியாது. ஆய்வாளர்கள் லட்சக்கணக்கில் செலவு செய்து உண்டாக்க வேண்டிய சூழலை ஆலையின் வெட்டு உத்தரவு இலவசமாகச் செய்து கொடுத்துவிட்டது!

வெட்டுக்கு முன்பு 100-க்கு 78 பேர் எதையாவது அடகு வைத்திருந்தார்கள். வெட்டுக்குப் பின்பு 4 பேர். நம் ஊர் நகைகள் கல்யாண வீட்டைவிட அடகுக்கடையில்தான் அதிக நாள் இருக்கின்றன போலிருக்கிறது.

இரண்டாவது முறை கேட்டால் பழக்கத்தில் நன்றாகச் சொல்லிவிடுவார்களே என்று சந்தேகம் வரும். ஆய்வாளர்களுக்கும் வந்தது. அதனால் சிலரை முன்பு தொடவே இல்லை, வெட்டு முடிந்த பிறகுதான் முதல் முறையாகச் சோதித்தார்கள். அப்போதும் முடிவு மாறவில்லை.

இன்னொரு பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். 2016-ல் அமெரிக்காவில் சம்பள நாளுக்கு முன், பின் என்று இதே மாதிரி ஒரு ஆய்வு செய்தார்கள். அதில் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. என்னைக் கேட்டால், இரண்டு வாரமோ ஒரு மாதமோ சம்பளத்துக்குக் காத்திருப்பதும் பத்துப் பன்னிரண்டு மாதம் வெட்டு உத்தரவுக்குக் காத்திருப்பதும் ஒன்றாகாது. ஆனால் அது என் கருத்து. கரும்பு ஆய்வைக் காட்டி "ஏழைக்கு அறிவு குறைவு" என்று யாராவது பேசினால், அவர் ஆய்வைப் படிக்கவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். அறிவு அங்கேயேதான் இருக்கிறது. பாதிக் கவனத்தை வட்டிக்காரர் எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

சரி, மற்றவர்கள் கதை என்ன?

(திரையில்: காய்கறித் தள்ளுவண்டி)

சந்தையில் வண்டி போடும் அக்காவை எடுத்துக்கொள்வோம். அவருக்கு வருமானமும் தினம், தவணையும் தினம். தண்டல் என்போம். 10,000 ரூபாய்க் கடன் என்று பேச்சு, கையில் தருவது 8,500. அப்புறம் தினம் 100 ரூபாய், 100 நாள். "1,500 ரூபாய்தானே, நூற்றுக்குப் பதினைந்து, பரவாயில்லை" என்று தோன்றுகிறதா?

கணக்குப் போடலாம், பேனா எடுங்கள். முதல் நாள் அவர் கையில் இருப்பது 8,500. ஐம்பதாவது நாள் பாதிக்கு மேல் கட்டி முடித்திருப்பார். அதாவது 100 நாளுக்கும் சராசரியாக அவரிடம் இருந்த கடன் நாலாயிரத்துச் சொச்சம்தான். அதுவும் வருஷக்கணக்கில் இல்லை, மூன்று மாதத்துக்குச் சற்று அதிகம். அதற்கு வட்டி 1,500. ஆண்டுக்கு என்று மாற்றினால் 120 சதவீதத்தைத் தொடுகிறது!

இது தெரிந்தும் அக்கா ஏன் வாங்குகிறார்? விடிகாலை நாலு மணிக்குக் கோயம்பேட்டில் சரக்கு எடுக்கக் காசு வேண்டும், தண்டல்காரர் ஜாமீன் கேட்கமாட்டார், சாயங்காலம் கல்லாவில் இருக்கும் நூறு ரூபாயை வண்டிக்கே வந்து வாங்கிக்கொள்வார். வங்கி என்றைக்காவது வண்டிக்கு வந்திருக்கிறதா? 2020-ல் தொடங்கிய பிஎம் ஸ்வநிதி திட்டத்தில் தெருவோர வியாபாரிகளுக்கு ஜாமீன் இல்லாத வங்கிக் கடனும், ஒழுங்காகக் கட்டினால் 7 சதவீத வட்டி மானியமும் உண்டு. இந்த வீடியோவை அப்படி ஒரு அக்காவிடம் காட்டினால் எனக்கு லைக் போடாவிட்டாலும் பரவாயில்லை.

தமிழ்நாட்டில் 2003-லேயே அதீத வட்டித் தடைச் சட்டம் வந்துவிட்டது. தண்டல், மீட்டர் வட்டி, கந்துவட்டி எல்லாமே அதில் பெயரோடு இருக்கின்றன. மூன்று ஆண்டு வரை சிறை, 30,000 ரூபாய் வரை அபராதம். தண்டல்காரர் அதன் பிறகும் தினம் சாயங்காலம் வந்துகொண்டுதான் இருக்கிறார்.

குழுக் கடன் வாங்கிய பெண்களுக்கு வாரம் ஒரு நாள் பரீட்சை. ஒருவர் கட்டாவிட்டால் மற்றவர்கள் முகம் சுளிப்பார்கள், அந்த அவமானம்தான் அங்கே ஜாமீன்.

மாதச் சம்பளக்காரர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வரும், நானும் அந்த ஜாதிதான். ஊரில் ஒருவர் மூணு வட்டிக்கு வாங்கினார் என்றால் "ஐயோ" என்று வாயில் கை வைப்போம். அது ஆண்டுக்கு 36 சதவீதம். கிரெடிட் கார்டில் குறைந்தபட்சத் தொகையை மட்டும் கட்டினால் மாதம் மூன்றரை சதவீதமும் அதற்கு மேலும் போகும், ஆண்டுக்கு 42-க்குக் குறையாது. மூணு வட்டியைவிட மேலே! ஆனால் ஏசி அறையில், ரிவார்டு பாயின்டுடன் வருவதால் அதைக் கந்துவட்டி என்று யாரும் சொல்வதில்லை.

அப்படியானால் என்ன செய்வது?

2019-ல் சிங்கப்பூரில் வந்த ஒரு ஆய்வை இங்கே இழுக்கிறேன். குறைந்த வருமானக் குடும்பங்களின் பழைய கடன்களை ஒரு தொண்டு அமைப்பு அடைத்துக் கொடுத்தது. அதன் பிறகு அவர்களுக்குப் பதற்றம் குறைந்தது, யோசிக்கும் திறன் கூடியது. சுவாரசியம் என்னவென்றால், எவ்வளவு பணம் அடைந்தது என்பதைவிட எத்தனை கடன் கணக்குகள் முழுதாக மூடப்பட்டன என்பதுதான் அதிக வித்தியாசம் காட்டியது.

அதனால் என் கட்சி இது: அடிக்கடி கதவைத் தட்டும் கடனை முதலில் முடியுங்கள். பெரும்பாலும் வட்டி அதிகமானதும் அதுவாகத்தான் இருக்கும். ஒரு தாளில் எல்லாக் கடனையும் எழுதி, ஒவ்வொன்றுக்கும் "நூற்றுக்கு மாதம் எத்தனை" என்று ஒரே அளவில் போடுங்கள். தண்டல், ஆப் கடன், கார்டு பாக்கி என்று நாலு இருந்தால், வங்கியிலோ கூட்டுறவுச் சங்கத்திலோ ஒரு நகைக்கடன் வாங்கி நாலையும் மூடிவிடலாம். ஆனால் மூடிய பிறகு தண்டல்காரரிடம் மறுபடி நோட்டுப் போட்டால் ஒரு கடன் இரண்டாகிவிடும், நகையும் போய்விடும்.

அப்புறம், முடிவுகளைக் கையில் காசு இருக்கும் நாளில் எடுங்கள். கரும்புப் பணம் வந்த வாரத்திலேயே பிள்ளைகள் பீஸ், அடுத்த பயிருக்கான உரம் இரண்டுக்கும் தனித்தனியாக வங்கி வைப்பில் போட்டுவிட வேண்டும். சம்பளக்காரர் என்றால், தவணைத் தேதியைச் சம்பளத்துக்கு மறுநாளாக மாற்றித் தரச் சொல்லிக் கேட்டுப் பாருங்கள். கையில் காசு இல்லாத மாதத்தில் உட்கார்ந்து திட்டம் போடச் சொல்லும் அறிவுரைகளை நான் நம்புவதில்லை. அந்த விவசாயிக்கு அப்போது 5 5 5-ஐ எண்ணுவதே பாடாக இருந்தது.

மிரட்டலுக்கு வருவோம். ரிசர்வ் வங்கி விதிப்படி, குழுக் கடன் போன்ற நுண்கடனுக்குக் காலை 9 மணிக்கு முன்பும் மாலை 6 மணிக்குப் பின்பும் வசூலுக்காகக் கூப்பிடக் கூடாது. மற்றக் கடன்களுக்குக் காலை 8 முதல் இரவு 7 வரைதான் கூப்பிடலாம். சொந்தக்காரர்களுக்குப் போன் போட்டு மானத்தை வாங்குவதும் தடை. நுண்கடனை முன்கூட்டியே அடைத்தால் அபராதம் கிடையாது. நிறுவனத்திடம் எழுத்தில் புகார் கொடுத்து 30 நாளில் சரியான பதில் வராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரான ஆம்பட்ஸ்மேனிடம் போகலாம், உதவிக்கு 14448. கடன் ஆப் உங்கள் போட்டோவை வைத்து மிரட்டினால் ஒரு ரூபாய் கூட அனுப்பாமல் சைபர் குற்ற உதவி எண் 1930-ஐ அழையுங்கள்.

தூக்கம் போய், இருந்து என்ன பயன் என்ற அளவுக்கு எண்ணம் வந்தால் 14416, அரசின் மனநல உதவி எண் டெலிமானஸ். இரவு பகல் எப்போதும் தமிழில் பேசலாம், காசில்லை. அரசு சுகாதார உதவி எண் 104-ம் உண்டு.

உங்கள் ஊர் தண்டலில் 10,000-க்கு எவ்வளவு பிடித்துக்கொண்டு தருகிறார்கள், எத்தனை நாள் தவணை? கமெண்டில் ஊர் பெயரோடு போடுங்கள், ஆள் பெயர் வேண்டாம். ஆண்டு வட்டியைக் கணக்குப் போட்டு ஒவ்வொன்றுக்கும் பதில் எழுதுகிறேன்.