கம்பெனி கலைஞ்சா நம்ம பாக்கி சம்பளம் எங்க போகும்?

நேயர்களுக்கு வணக்கம். புதுச்சேரி மேட்டுப்பாளையம், தட்டாஞ்சாவடி, அந்தப் பக்கம் கடலூர் சிப்காட்டுன்னு ஷிஃப்ட்டுக்குப் போறவங்க நிறைய பேரு கேட்டுட்டு இருப்பீங்க, உங்களுக்காகத்தான் இன்னைக்குப் பேச வந்திருக்கேன்.

கேட்ல பூட்டு தொங்குதுன்னா கம்பெனி கலைஞ்சிடுச்சுன்னு அர்த்தம் இல்லீங்க. சென்னையில இருக்கிற கம்பெனி தீர்ப்பாயம், அதான் என்.சி.எல்.டி., புதுச்சேரிக்கும் அதுதான், அங்க ஆர்டர் போட்டு லிக்விடேட்டர்னு ஒருத்தர, அதாவது சொத்த வித்து பாக்கிய பிரிச்சுக் குடுக்கிறவர, நியமிச்சாதான் கலைப்பு. கடலூர் பக்கத்துல 'தானே' புயல்ல அடிபட்ட நாகார்ஜுனா எண்ணெய் ஆலை தெரியும்ல, புயல் அடிச்சது 2011 டிசம்பர், கலைப்பு ஆர்டர் வந்தது 2018ல.

இந்த இடைவெளிதான் தொழிலாளி வயித்துல அடிக்குது. 2016 திவால் சட்டம் 53வது பிரிவுப்படி சொத்த வித்த காசுல முதல்ல நடைமுறைச் செலவு போகும், அடுத்த வரிசையிலயே நம்ம ஆளுங்க, அடமானச் சொத்த தானே வித்துக்காம பொதுக் கணக்குக்கு விட்டுக்கொடுத்த பேங்குக்குச் சமமா. கேக்க நல்லாத்தான் இருக்கு. ஆனா அந்த இடம் கலைப்பு தொடங்கின தேதிக்கு முந்தின 24 மாசத்துப் பாக்கிக்கு மட்டும்தான், மில்லு மூடி மூணு வருஷம் இழுத்துட்டு அப்புறம் ஆர்டர் வந்தா நீங்க கடைசியா வேல பாத்த மாசத்துச் சம்பளமே அந்தக் கணக்குக்கு வெளிய போய் கீழ் வரிசையில நிக்கும். ஆபீஸ் ஸ்டாஃபுக்கு இன்னும் மோசம், 12 மாசம்தான், அதுவும் நமக்கு அடுத்த படி. அதனால "ஓனர் பாத்துப்பாரு"ன்னு சும்மா உக்காராதீங்க, சம்பளம் நின்ன உடனே லேபர் ஆபீஸ்ல எழுதிக் குடுங்க.

சமமான்னா முழுசா கிடைக்கும்னும் இல்ல. ஒரு பேச்சுக்கு, செலவு போக 10 கோடி மிஞ்சுது, பேங்குக்கு 36 கோடி, தொழிலாளிக்கு 4 கோடி பாக்கின்னா, ரூபாய்க்கு நாலணா, நம்ம பங்கு 1 கோடிதான்.

பி.எஃப்., கிராஜுவிட்டி, பென்ஷன் ஃபண்ட் பணம் வேற கதை. 36வது பிரிவு அத கலைப்புச் சொத்துலயே சேக்கல, சுப்ரீம் கோர்ட்டும் 2022ல ஏ.பி.ஜி. ஷிப்யார்டு வழக்குல அதையே சொல்லிடுச்சு. அதுக்கும் வரிசையில நில்லுன்னு யாராச்சும் சொன்னா ஒத்துக்காதீங்க. என்ன, கிராஜுவிட்டிக்குன்னு கம்பெனி தனி ஃபண்டே வைக்கலன்னா அங்க தகராறு வரும், பாதி முதலாளிங்க வைக்கிறதே இல்லன்றது என் அனுபவம். இப்பவே கேட்டு வெச்சுக்கங்க, பி.எஃப். பாஸ்புக்கையும் மாசாமாசம் பாருங்க, சம்பளத்துல பிடிச்சத கட்டாம விடுற ஆளுங்க உண்டு.

லிக்விடேட்டர் பேப்பர்ல விளம்பரம் குடுப்பாரு, கலைப்பு தொடங்கின நாள்லேந்து 30 நாளுக்குள்ள க்ளெய்ம், அதாவது எனக்கு இவ்வளவு பாக்கின்னு மனு, போடணும். பே ஸ்லிப், ஐ.டி. கார்டு, பேங்க் ஸ்டேட்மென்ட், எது இருக்கோ அது. யூனியன் மூலமா எல்லாருக்கும் சேத்தும் போடலாம், தனியா அலையிறதுக்கு அது மேல். அவர் க்ளெய்ம தள்ளிட்டா 14 நாளுக்குள்ள தீர்ப்பாயத்துல அப்பீல் பண்ணணும், அந்த லெட்டர் வந்த தேதிய குறிச்சு வைங்க.

வேல பாத்தவரு இறந்துட்டா வாரிசு க்ளெய்ம் போடலாம், வாரிசு சான்றிதழ் தாசில்தார் ஆபீஸ்லேந்து வர லேட் ஆகும், அதுக்காகக் காத்திருக்காம க்ளெய்ம முதல்ல அனுப்பிட்டு, சான்றிதழ் பின்னாடி வருதுன்னு அதுலயே எழுதிடுங்க. வணக்கம்.