பழைய ஜெயில் சாலையில் ஒரு கல்லூரி

வணக்கம். என் பின்னால் தெரிவது பாரதி மகளிர் கல்லூரியின் வாயில். பலகையில் பிரகாசம் சாலை என்று எழுதியிருந்தாலும், ஆட்டோக்காரரிடம் பிராட்வே என்று சொன்னால்தான் சட்டென்று புரிகிறது. சென்னையின் பழைய கல்லூரிகள் என்றாலே மெரினாவின் செங்கட்டடங்களைக் காட்டிவிட்டு நாம் முடித்துக்கொள்கிறோம். அது எனக்கு நெடுநாளைய வருத்தம்.

இந்த அரசுக் கல்லூரியின் கதையைப் பக்கத்திலுள்ள பழைய ஜெயில் சாலையிலிருந்து தொடங்க வேண்டும். 1767இல் ஹைதர் அலியின் குதிரைப்படை சாந்தோம் வரை வந்துபோன அச்சத்தில், கிழக்கிந்தியக் கம்பெனியார் 1769இல் கறுப்பர் நகரத்தை, அதாவது இன்றைய ஜார்ஜ் டவுனைச் சுற்றி மதில் எழுப்பத் தொடங்கினார்கள். அதன் வடக்குப் பகுதி இந்தச் சாலையையொட்டியே ஓடியது. செலவை ஊராரிடம் வரியாக வாங்க நினைத்தது நடக்கவில்லை. மதில் வரி என்று பொருள்படும் வால்டாக்ஸ் சாலை என்ற பெயர்தான் மிஞ்சியது. நேற்று மாடிப் பூங்காவில் மதிலின் எஞ்சிய துண்டைப் பார்த்தேன். சுண்ணாம்புக் காரை உதிர்ந்த செங்கற்களுக்கு நடுவே ஓர் அரசங்கன்று வேர்விட்டிருந்தது.

சாலைக்குப் பெயர் தந்த சிறை இருந்த வளாகத்தில்தான் இன்று கல்லூரி நிற்கிறது. கல்லூரி தொடங்கப்பட்ட ஆண்டு 1964. காமராசர் காலத்தில் பள்ளிகள் பெருகியதால் பத்தாம், பதினோராம் வகுப்பு வரை வந்துவிட்ட வடசென்னைப் பெண்களுக்கு, அரசின் மகளிர் கலைக் கல்லூரி என்றால் 1914இல் தொடங்கிய ராணி மேரிக் கல்லூரிதான்; அதுவோ நகரத்தின் மறுகோடியில், மயிலாப்பூர்க் கடற்கரையில் இருந்தது.

அந்தத் தொலைவு என்ன செய்யும் என்பதை என் பெரியம்மா சொல்லிக் கேட்டிருக்கிறேன். தாத்தா துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். இரண்டு பஸ் மாறிப் போய், விளக்கு வைத்த பிறகு திரும்பும் படிப்பு வேண்டாம் என்று வீட்டில் உறுதியாகச் சொல்லிவிட்டார்கள். பிராட்வேயில் இடம் கிடைத்ததும், "நடந்து போகிற தூரம்தானே" என்று தாத்தாவே விண்ணப்பத்தில் கையெழுத்திட்டாராம். மூன்று ஆண்டுகள், ராயபுரத்திலிருந்து தூக்குச்சட்டியில் பழைய சோறும் கருவாடும் எடுத்துக்கொண்டு, பஸ்ஸுக்கு ஒரு காசுகூடச் செலவழிக்காமல் பெரியம்மா படித்தார். எங்கள் வீட்டின் முதல் பட்டதாரி அவர்தான்.

இதோ, வகுப்பு முடிந்து மாணவியர் வெளியே வருகிறார்கள். கேட்காமல் அவர்கள் முகத்தைப் படம் பிடிப்பது முறையன்று. கேமராவை மதில் பக்கம் திருப்பிக்கொள்கிறேன்.