முத்தத்துக்குப் பிறகு வந்த பத்து வருடங்கள்

நேயர்களுக்கு வணக்கம்.

1950 ஜனவரியில் ஒரு ஜப்பானிய நடிகை அமெரிக்காவில் நல்லெண்ணப் பயணத்தை முடித்துக்கொண்டு ஊர் திரும்பினார். புறப்படும்போது கிமோனோ உடுத்திப் போனவர், திரும்பும்போது மேல்நாட்டு உடையும் கறுப்புக் கண்ணாடியுமாக வந்தார், கழுத்தில் ஹவாய் மலர்மாலை வேறு. வரவேற்கக் கூடியிருந்தவர்களைப் பார்த்து "ஹலோ" என்றார், காற்றில் முத்தங்களைப் பறக்கவிட்டார். அவ்வளவுதான், பத்திரிகைகள் பிடித்துக்கொண்டன. ஜப்பான் அப்போது அமெரிக்கப் படைகளின் கட்டுப்பாட்டில் இருந்த நாடு. போரில் தோற்ற கோபத்தை அமெரிக்க ராணுவத்தின் மீது காட்ட முடியுமா? நாற்பது வயது நடிகை மீது காட்டுவது சுலபமாக இருந்தது.

அவர் பெயர் தனாகா கினுயோ. 1909இல் ஷிமோனோசெகியில் பிறந்து, 14 வயதில் ஷோச்சிகு ஸ்டுடியோவில் சேர்ந்தவர். 1931இல் ஜப்பானின் முதல் முழுநீளப் பேசும்படம் வந்தபோது கதாநாயகி அவர்தான். போருக்கு முந்தைய ஜப்பானுக்கு அவர் செல்லப்பிள்ளை. அந்த அன்பு ஒரே நாளில் திரும்பிவிட்டது. அடுத்து வந்த படங்களையும் விமர்சகர்கள் விடவில்லை. வயதாகிவிட்டது, இனி கதாநாயகி வேடம் எதற்கு என்றார்கள்.

அவரைத் தூக்கி நிறுத்தியது இயக்குநர் மிசோகுச்சி கெஞ்சியின் 'ஓஹாருவின் வாழ்க்கை'. 1952இல் வந்த இந்தப் படத்தில் அரண்மனைப் பணிப்பெண்ணாகத் தொடங்கும் ஓஹாரு, தெருவில் நிற்கும் வயதான விலைமகளாகிறாள். இளமையையும் முதுமையையும் தனாகா ஒருவரே நடித்தார். வெனிஸ் திரைப்பட விழாவில் படம் பரிசு வாங்கியது. அடுத்த இரண்டு ஆண்டுகளில் 'உகெட்சு', 'சான்ஷோ' என்ற இரண்டு மிசோகுச்சி படங்களுக்கும் அங்கே வெள்ளிச் சிங்க விருது கிடைத்தது, இரண்டிலும் தனாகா உண்டு. உலகம் அவரை 'மிசோகுச்சியின் நடிகை' என்று அறிந்துகொண்டது இப்படித்தான். எனக்கு அந்தப் பட்டத்தில் கொஞ்சம் வருத்தம் உண்டு. ஏன் என்று சொல்கிறேன்.

1953இல் தனாகா தானே படம் இயக்கத் தீர்மானித்தார். அதுவரை ஜப்பானில் கதைப்படம் இயக்கிய பெண் ஒரே ஒருவர்தான், சகானே தசுகோ. தனாகா முதலில் இயக்குநர் நருசே மிக்கியோவிடம் ஒரு படத்தில் உதவியாளராக இருந்து தொழில் கற்றார். பிறகு 'காதல் கடிதம்' எடுத்தார். அமெரிக்கப் படைவீரர்களோடு பழகிய ஜப்பானியப் பெண்கள், ஊருக்குப் போய்விட்ட அந்த வீரர்களிடம் பணம் கேட்டு எழுத வேண்டும், ஆங்கிலம் தெரியாது. டோக்கியோவின் ஷிபுயாவில் ஒரு சந்தில் உட்கார்ந்து அவர்களுக்காகக் கடிதம் எழுதித் தரும் முன்னாள் கடற்படைக்காரன்தான் நாயகன். தான் தேடிக்கொண்டிருந்த காதலியே ஒருநாள் அப்படி ஒரு கடிதத்துக்காக வந்து நிற்கும்போது அவனால் அவளை மன்னிக்க முடிவதில்லை. அமெரிக்கர்களோடு பழகியதற்காக ஒரு பெண்ணைத் தூற்றுவதற்கு இங்கே யாருக்குத் தகுதி என்று படம் கேட்கிறது. அந்த ஜனவரி மாதத்து முத்தத்தை மனதில் வைத்துக்கொண்டு பார்த்தால் கேள்வியின் கூர்மை புரியும். 1954இல் கான் விழாவில் போட்டிப் பிரிவில் அது திரையிடப்பட்டது.

அடுத்த படத்துக்குத் தயாரானபோதுதான் சிக்கல். இயக்குநர்கள் சங்கத் தலைவராக இருந்த மிசோகுச்சியே எதிர்த்தார். இயக்குவதற்கு வேண்டிய அறிவு தனாகாவுக்குப் போதாது என்பது அவர் கட்சி. ஜப்பானின் முதல் பெண் இயக்குநரான சகானே, இதே மிசோகுச்சியிடம் உதவி இயக்குநராக இருந்து வந்தவர்! தனாகாவுக்குத் துணை நின்றவர் இன்னொரு இயக்குநர், ஓசு யாசுஜிரோ. தாம் இணைந்து எழுதிய திரைக்கதையையே கொடுத்தார். 1955இல் படம் வெளியானது, மிசோகுச்சியுடனான நட்பு முறிந்தது. அதன்பின் அவர்கள் சேர்ந்து படம் செய்யவில்லை, 1956இல் மிசோகுச்சி இறந்தும் போனார்.

சரி, ஓசு எழுதிய அந்தப் படம் எப்படி? நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் ஓசுவின் வீட்டுக்குள் விருந்தாளியாக நடப்பதுபோல் இருக்கிறது. தனாகாவின் சொந்தக் குரல் அதே 1955இல் வந்த மூன்றாவது படத்தில்தான் முழுதாகக் கேட்கிறது. மார்பகப் புற்றுநோயால் 31 வயதில் இறந்த கவிஞர் நாகாஜோ ஃபுமிகோவின் கதை அது. திரைக்கதையும் ஒரு பெண்தான், தனாகா சுமியே. பெயர் ஒன்றுதான், உறவில்லை. நாயகி குளித்துக்கொண்டே, அறுவை செய்த தன் மார்பைத் தோழி பார்த்தே ஆக வேண்டும் என்கிறாள். தோழி பதறுகிறாள். நோயாளி என்றால் சாந்தமாகப் படுத்திருக்க வேண்டும் என்ற வழக்கத்தை இந்தப் படம் பொருட்படுத்தவே இல்லை. ஃபுமிகோவுக்குக் கோபம் வருகிறது, ஆசை வருகிறது, சாகப்போகிறோம் என்று தெரிந்தும் காதலிக்கிறாள். 1955இல் இதை எடுக்க நெஞ்சுரம் வேண்டும்.

1962 வரை மொத்தம் ஆறு படங்கள் இயக்கினார். இடையில் நடிப்பையும் விடவில்லை. 1958இல் கினோஷிதா கெய்சுகேயின் 'நராயமா' படத்தில், மலைமேல் கொண்டுபோய் விடப்படும் எழுபது வயதுக் கிழவி ஓரினாக வந்தார். அந்த வேடத்துக்காகத் தன் பற்களைப் பிடுங்கிக்கொண்டார் என்று சொல்வார்கள். 1974இல் குமாய் கெய் இயக்கிய 'சண்டகான்' படத்தில், சிறுவயதில் போர்னியோ விபச்சார விடுதிக்கு விற்கப்பட்ட ஒருத்தியின் முதுமையை நடித்தார். 1975 பெர்லின் விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக்கரடி அவருக்குக் கிடைத்தது. 1977இல் காலமானார்.

அவர் இயக்கிய ஆறு படங்களும் புதுப்பிக்கப்பட்டு, 2021இலிருந்து விழாக்களில் மீண்டும் வலம் வருகின்றன. எதில் தொடங்கலாம் என்று கேட்டால், நான் 'காதல் கடிதம்' என்பேன். அதில் தனாகாவே ஒரு சின்ன வேடத்தில் வந்து போகிறார், கவனித்துப் பாருங்கள். வணக்கம்.