குக்கர் செத்துப்போன கதை

நடுவர் அண்ணாச்சிக்கும், எதிரணிக்கும், பனியில் உட்கார்ந்திருக்கும் ஊர்ப் பெரியவர்களுக்கும், அம்மாமாருக்கும் வணக்கம். தலைப்பு உங்களுக்குத் தெரியும்: கற்பனை உலகத்துத் தத்துவம் வாழ்க்கைக்குக் கைகொடுக்குமா, பொழுதுபோக்கோடு நின்றுவிடுமா? கைகொடுக்கும் என்று பேச என்னை நிறுத்தியிருக்கிறார்கள். பேசுகிறேன்.

அதற்கு முன்னால் ஒரு கணக்குத் தீர்க்க வேண்டியிருக்கிறது. எனக்கு முன்பு பேசிய எதிரணி அக்கா என்ன கேட்டார்கள்? "இல்லாத ஊருக்குப் போகாத வழி சொல்றாங்க அண்ணாச்சி. அந்த உலகத்துக்குப் போகணும்னா வேய்ந்தான்குளம் பஸ் ஸ்டாண்டுல எந்த பிளாட்பாரத்துல நிக்கணும்?" நீங்கள் எல்லாரும் சிரித்தீர்கள். நடுவரும் சிரித்தார். நானும்தான் சிரித்தேன், சிரிக்காவிட்டால் என்னிடம் பதில் இல்லை என்று முடிவு கட்டிவிடுவீர்களே!

அக்கா, 1977-இல் ஸ்டார் வார்ஸ் என்று ஓர் ஆங்கிலப் படம் வந்தது. அதில் ஜெடாய் என்று ஒரு கூட்டம். எல்லா உயிரையும் ஒரு சக்தி இணைக்கிறது, கோபத்தை அடக்கு, பயத்தை வெல்லு. இதுதான் அவர்கள் தத்துவம், முழுக்க முழுக்கக் கற்பனை. 2001-இல் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் மக்கள்தொகைக் கணக்கெடுக்க வந்தபோது, "உன் மதம் என்ன?" என்ற கேள்விக்கு "ஜெடாய்" என்று எழுதிக் கொடுத்தவர்கள் சுமார் 3,90,000 பேர். எந்த பிளாட்பாரம் என்று ஒருத்தர் கேட்கவில்லை. பஸ்ஸே இல்லாமல் அத்தனை பேரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள்!

"பாதிப் பேர் கேலிக்கு எழுதினான்" என்று அக்கா முணுமுணுக்கிறார்கள். எழுதினான்தான். 2011 கணக்கெடுப்பில் அது 1,76,000 ஆகக் குறைந்தும் போனது. ஆக, திரும்பி வரவும் அவர்களுக்கு பஸ் தேவைப்படவில்லை. 2016-இல் அங்கே அறக்கட்டளைகளைப் பதிவு செய்கிற ஆணையம் "இது மதம் கிடையாது" என்று ஜெடாய்க் கோயில் ஒன்றின் மனுவைத் தள்ளிவிட்டது. தள்ளட்டுமே, நம் தலைப்பு மதமா? தத்துவம்!

அவ்வளவு தூரம் எதற்கு? மணிமேகலையை மணிபல்லவத்துக்குக் கொண்டுபோனது எந்த பஸ்? தெய்வம் தூக்கிக்கொண்டு போனது. அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபி, யானைத்தீ என்கிற தீராப் பசி நோய் பிடித்த காயசண்டிகை... இதில் எது அக்கா நிஜம்? பசித்தவனுக்குச் சோறு போடு என்பதைச் சொல்ல நம் ஆள்கள் ஒரு மாயத் தீவையே கட்டினார்கள். அக்கா பள்ளிக்கூடத்தில் அதைத்தான் பாடம் நடத்துகிறார்கள். பஸ் கேட்டா நடத்துகிறார்கள்?

சரி, இப்போது எங்கள் வீட்டுக்கு வாருங்கள். பாளையங்கோட்டையில் எங்கள் அக்கா மகன் ஒருத்தன். பரீட்சைக்குப் படிடா என்றால் நோட்டில் ஓர் உலகத்தையே படைத்துக்கொண்டிருந்தான். ஓர் ஆறு, நடுவில் மணல்திட்டு, அதில் ஒரு சனம். அவர்களுடைய தத்துவம் இரவல் நெறி. எதுவும் உனக்குச் சொந்தமில்லை, எல்லாம் இரவல். ஒரு பௌர்ணமியிலிருந்து அடுத்த பௌர்ணமிவரை கைமாறாத பொருள் செத்த பொருள்.

எழுதியதோடு விட்டானா? ஒரு ஞாயிற்றுக்கிழமை நாங்கள் குடும்பத்தோடு அங்கே விருந்துக்குப் போயிருக்கிறோம். அக்கா அரிசி களைந்துவிட்டுப் பார்க்கிறாள், குக்கரைக் காணோம்.

"ஏல, குக்கர் எங்க?"

"பக்கத்து வீட்டுக்குக் குடுத்துட்டேம்மா. ஒரு மாசமா நம்ம வீட்லயே கெடந்துச்சு. செத்துப்போச்சு."

"செத்துப்போச்சா? காலையில மூணு விசில் அடிச்சுதேல!"

பின்வரிசை அம்மாமாருக்குக் கேட்கவில்லையாம், இன்னொரு தடவை சொல்கிறேன். அவன் செத்துப்போச்சு என்கிறான். இவள் காலையில் மூன்று விசில் அடித்ததே என்கிறாள். போஸ்ட்மார்ட்டம் பண்ண ஆள் இல்லை!

இதில் விசேஷம் என்னவென்றால், பக்கத்து வீட்டோடு எங்கள் அக்காவுக்குப் பல வருஷமாகப் பேச்சு வார்த்தை கிடையாது. வாசல் தெளிக்கிற தண்ணீர் யார் வாசலுக்கு ஓடுகிறது என்கிற வழக்கு. அந்த அம்மா குக்கரை வாங்கிப் பார்த்திருக்கிறது, மூடியைத் திறந்து மோந்து பார்த்திருக்கிறது. "எய்யா, ஒங்கம்மையா குடுத்துவிட்டா?" என்று கேட்டதற்கு இவன் "இல்ல பெரியம்மை, பௌர்ணமி குடுத்துவிட்டது" என்று சொல்லியிருக்கிறான்.

"தம்பி, நீ போய் வாங்கிட்டு வா" என்று அக்கா என்னைப் பிடித்துத் தள்ளுகிறாள். அந்த வீட்டுப் படியில் நான் கால் வைப்பேனா? அன்றைக்கு வடித்த சோறுதான். மறுநாள் குக்கர் வந்தது. திறந்தால் உள்ளே சொதி! வாங்கின பாத்திரத்தை வெறுமனே திருப்பிக் கொடுக்கிற வழக்கம் நம் ஊரில் உண்டா? அக்கா சும்மா இருப்பாளா, இவள் மாம்பழம் வைத்து அனுப்பினாள். அங்கேயிருந்து முறுக்கு. இன்றைக்கு அந்தக் குக்கர் எந்த வீட்டுக் குக்கர் என்று இரண்டு வீட்டுக்கும் தெரியாது. ரேஷன் கார்டில் பேர் சேர்க்காததுதான் பாக்கி.

நடுவர் மணி அடிக்கிறார். அண்ணாச்சி, இரண்டாவது விசிலே வரவில்லை, அதற்குள் இறக்கச் சொல்கிறீர்களே!

முடித்துக்கொள்கிறேன். 2023 டிசம்பர் 17, 18. இங்கே இருக்கிற யாருக்கும் அந்த இரண்டு நாளைச் சொல்லித்தர வேண்டியதில்லை. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் மழை. தாமிரபரணி தெருவுக்குள் வந்தது. திருச்செந்தூரிலிருந்து சென்னைக்குப் புறப்பட்ட ரயில் ஸ்ரீவைகுண்டத்தில் நின்றுவிட்டது. உள்ளே ஏறக்குறைய 800 பேர், குழந்தைகள், வயசாளிகள். தண்டவாளத்துக்கு அடியில் மண் இல்லை. சுற்றிலும் தண்ணீர். அப்போது பக்கத்துப் புதுக்குடிக்காரர்கள் தங்களிடம் இருந்த அரிசியைப் பொங்கி அவர்களுக்குச் சோறு போட்டார்கள். அட்சய பாத்திரம் எதுவும் அவர்கள் கையில் கிடையாது. அவர்கள் வீடும் அதே மழையில்தான் நின்றது. நாளைக்கு நமக்கு என்ன என்று அந்த நேரத்தில் யோசித்திருந்தால் உலையில் அரிசி விழுந்திருக்குமா அக்கா? பேர் தெரியாத பிள்ளைக்குச் சோறு பிசைந்து கொடுத்த கையை நினைத்துப் பாருங்கள்.

இது கற்பனையா, தத்துவமா, தலைப்புக்குள் வருமா என்று எதிரணி கேட்கும். கேட்கட்டும். தீர்ப்பை எந்தப் பக்கம் வேண்டுமானாலும் எழுதிக்கொள்ளுங்கள் அண்ணாச்சி. எனக்குத் தட்ட வேண்டாம், அந்தப் புதுக்குடி மக்களுக்கு இந்தக் கூட்டம் ஒரு தடவை கை தட்டட்டும். கடைசி வரிசை, உங்களையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். தட்டுங்கள்!